மானுக்கு ஊட்டும் கை

சியாட்டில்
ஏப்ரல் 9, 1921

அக்கா டார்கஸுக்கு,

கடிதத்தைப் பார்த்ததும் யாராவது செத்துவிட்டார்களோ என்று பதறாதே. உன் தம்பிக்கு வேலை கிடைத்திருக்கிறது. மீன் வெட்டுகிற வேலை இல்லை, மூட்டை தூக்குகிற வேலை இல்லை. எழுதுகிற வேலை!

இங்கே ஒரு சினிமாக் கம்பெனி. வெள்ளைக்காரன் வருவதற்கு முன்னால் நம் ஜனங்கள் எப்படி வாழ்ந்தார்கள் என்று உள்ளதை உள்ளபடி படம் பிடிக்கப் போகிறார்களாம். உள்ளதைப் பிடிக்க எதற்குக் கதை என்று நீ கேட்பாய். நானும் கேட்டேன். முதலாளி சிரித்தார். "காமிரா வெறும் கண்ணுப்பா. எங்க பாக்கணும்னு ஒருத்தன் சொல்லணும்ல?" என்றார். அந்த ஒருத்தன் நான். எந்தக் காட்சிக்குப் பின் எந்தக் காட்சி, யார் எங்கிருந்து வருவது, நடுவே திரையில் வரும் வாசகம், எல்லாம் என் பேனா. இவர்கள் இதற்கு முன் எடுத்த படத்தில் மை பூசிய இத்தாலிக்காரர்கள்தான் நாமாக நடித்தார்கள். ஒருவன் துடுப்பால் தண்ணீரைக் கஞ்சி கிண்டுகிற மாதிரி கிண்டினான். அதைப் பார்த்து ஜனங்கள் கைதட்டினார்கள். நான் பாதியிலேயே எழுந்து வந்துவிட்டேன்.

கதை எழுதிக் கொடுத்துவிட்டேன். குலத்தில் நம் காக்கைப் பக்கத்து ஆள் ஒருவன் கழுகுப் பக்கத்து ஆளைக் கொன்றுவிடுகிறான். கழுகுப் பக்கம் படகேறி வந்து ஊரை அடிக்கிறது. ரத்தத்துக்கு ரத்தம் சரியான பிறகு, இரண்டு பக்கமும் எதிராளியில் ஒருவனைப் பிடித்து மானாக உட்கார வைத்து, ஊட்டிவிட்டு, ஆடிச் சமாதானம் ஆகிறார்கள். அவ்வளவுதான்.

காமிராக்காரர் வெதர்பி கோடையில் நம் கரடிமுனைக்கு வருகிறார். நீ மொழிபெயர்க்க வேண்டும். மாமாவிடமும் எஸ்ரா மச்சானிடமும் நீதான் பேச வேண்டும். நான் ஊரில் இருந்தால் இதை உன்னிடம் கேட்கக்கூட முடியாது. வளர்ந்த அக்காளும் தம்பியும் முகம் பார்த்துப் பேசக்கூடாதே. சுவரைப் பார்த்து, "யாராவது அக்காகிட்ட உப்பு வாங்கிக் குடுங்க" என்று சொல்லிக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். மிஷன் பள்ளியில் நம் பேச்சைப் பேசியதற்கு வாயில் சோப்பைத் திணித்துத்தான் இந்த எழுத்தைக் கற்றுக்கொடுத்தார்கள். அதனால் கிடைத்த ஒரே லாபம், காகிதத்திலாவது உன்னோடு பேச முடிகிறது.

முடிந்தால் காய்ந்த மீன்முட்டை கொஞ்சம் அனுப்பு. இங்கே டின் பீன்ஸ் தின்று நாக்கு செத்துவிட்டது.

சைலஸ்


கரடிமுனை
மே 3

தம்பி சைலஸுக்கு,

மீன்முட்டை தனிப் பொட்டலத்தில் வருகிறது. கப்பல்காரன் தின்றுவிட்டால் என்னைத் திட்டாதே.

பாவி, உனக்கு எழுத வேறு கதையே கிடைக்கவில்லையா? காக்கைப் பக்கத்தான் கழுகுப் பக்கத்தானைக் கொன்றான் என்று என்னமோ கொள்ளுப்பாட்டன் காலத்துச் சங்கதி மாதிரி எழுதியிருக்கிறாய். ஆறு வருஷத்துக்கு முன்னால் டின் மீன் ஆலையில், வெட்டு மேடையில் வைத்து, நம் பெரியம்மா மகன் கிதியோன் என் கொழுந்தன் தோபியாவின் வயிற்றைக் கிழித்தானே, அது மறந்துபோச்சா? ஒரு கேலிப் பேச்சு, ரெண்டு மடக்குச் சாராயம். மீன் குடலோடு குடலாகக் கிடந்தது. வாளியில் அள்ளியவள் நான்.

கிதியோனை வெள்ளைக்காரன் ஜெயிலில் போட்டான். போன இலையுதிர்காலத்தில் அவன் திரும்பிவிட்டான். கோர்ட்டு தீர்த்துவிட்டது, நாம் எதற்கு ஈடு கொடுக்க வேண்டும் என்று மாமா வீம்பாக உட்கார்ந்திருக்கிறார். என் அத்தை, எஸ்ராவின் அம்மா, என்ன சொன்னாள் தெரியுமா? "என் புள்ளையை மண்ணுக்குள்ள போட்டாங்க, அவனை ஜெயிலுக்குள்ள போட்டாங்க. அவன் வெளிய வந்துட்டான். எம் புள்ள எப்படி வருவான்?" அன்றிலிருந்து என் கையால் ஒரு வாய் தண்ணீர் குடிப்பதில்லை. எஸ்ரா என் பக்கத்தில்தான் படுக்கிறார். தலையணைக்கு அடியில் அவர் தம்பியின் கத்தி. நான் காக்கைப் பக்கம், அவர் கழுகுப் பக்கம், நடுவில் கத்தி. இதுதான் என் குடித்தனம்.

படத்தைப் பற்றிச் சொன்னதும் அத்தை காறித் துப்புவாள் என்று நினைத்தேன். அவள் கேட்டது ஒன்றுதான்.

"கடைசியில மான் ஆட்டம் உண்டா?"

"உண்டு அத்தை."

"பாட்டுக்குச் சொந்தக்காரங்களே பாடுறாங்களா? ஊரு பாக்குமா?"

"பாக்கும்."

"அப்ப நாங்க வர்றோம்."

எழுந்து போய்விட்டாள். எனக்குப் புரியக் கொஞ்ச நேரம் பிடித்தது. பாட்டுக்குச் சொந்தக்காரன் ஊர் நடுவே நின்று பாடிவிட்டால் அது நடந்ததுதான். நடிப்பு என்று ஒன்று நமக்கு ஏது? மாமாவுக்கும் புரிந்துவிட்டது. தானாகப் போய்ச் சமாதானம் கேட்டால் தலை குனிய வேண்டும். வெள்ளைக்காரன் கேட்டான், செய்தேன் என்றால் குனிய வேண்டாம். கிழவன் கெட்டிக்காரன்.

அதனால் உன் கதையில் எதை வேண்டுமானாலும் மாற்று. முடிவில் கை வைக்காதே. என் புருஷன் தலையணைக்கு அடியில் இருக்கிற கத்தி போக வேண்டும். எனக்கு வேறு ஒன்றும் வேண்டாம்.

டார்கஸ்


சியாட்டில்
மே 30

அக்காவுக்கு,

மீன்முட்டை வந்தது. அறையில் உட்கார்ந்து தின்றேன், வீட்டுக்காரி நாற்றம் என்று கதவைத் தட்டினாள். தட்டட்டும்.

முடிவை மாற்ற மாட்டேன். சத்தியம்.

ஆனால் நீ எல்லாவற்றிலும் ஒரு பெரிய அர்த்தம் கண்டுபிடிக்கிறாய். இது படம், அக்கா. ஒரு வருஷம் ஓடும், அப்புறம் மூட்டை கட்டி மூலையில் போடுவார்கள். முதலாளி இப்போதே மூக்கைச் சுளிக்கிறார். "சமாதானத்தைப் பாக்க எவன்யா டிக்கெட் வாங்குவான்?" என்கிறார். என்னை இங்கே எல்லாரும் 'தலைவரே' என்றுதான் கூப்பிடுகிறார்கள். நானா தலைவர்? மாமாவுக்குப் பின் வீட்டுத் தலைமை மருமகனுக்கு, அதை அவர் கிதியோனுக்குத்தான் கொடுப்பார் என்று எனக்குத் தெரியாதா? ஒருவனைக் கொன்றவனுக்கு வீடு, தொப்பி, பெயர். ஒன்பது வயசில் பள்ளிக்கூடத்துக்குப் பிடித்துக்கொண்டு போகும்போது எனக்காக ஒருவரும் வாசலுக்குக்கூட வரவில்லை. இதெல்லாம் உன்னிடம் சொல்லி என்ன.

வெதர்பி நல்ல மனுஷன். காபி மட்டும் நிறையக் கொடு.

சைலஸ்


கரடிமுனை
ஜூலை 17

சைலஸ்,

எங்கிருந்து தொடங்குவது என்றே தெரியவில்லை.

முதலில் சண்டைக் காட்சி எடுத்தார்கள். அந்தப் படச்சுருள் முன் கப்பலில் வந்திருக்கும், பார்த்திருப்பாய். எஸ்ராவின் ஆட்கள் மூன்று படகில் வந்து கரையில் குதிக்க வேண்டும், நம் பிள்ளைகள் தடுக்க வேண்டும். வெதர்பி லேசான மரத்தில் கதாயுதம் செய்து கொடுத்திருந்தார். எஸ்ராவின் சித்தப்பா மகன் அதைக் கடலில் எறிந்துவிட்டுத் தன் வீட்டுத் திமிங்கில எலும்புத் தடியை எடுத்து வந்திருக்கிறான். நேராகக் கிதியோனிடம் போனான். கழுத்தெலும்பு முறிந்த சத்தம் எனக்குக் கேட்டது. ஒருவன் காது கிழிந்து தொங்கியது. நம் பிள்ளைகள் ஒருவனைத் தண்ணீரில் அமுக்கிப் பிடித்தார்கள், மாமா துடுப்பால் அடித்துத்தான் பிரித்தார். அலை சிவப்பாக வந்து என் செருப்பில் பட்டது. வெதர்பி காமிராவின் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டே, "பிரமாதம்! இன்னொரு தடவை!" என்று கத்தினார். கிதியோனின் ரத்தத்தைப் பார்த்து அத்தை சிரித்தாள். கல்யாணமாகி வந்த நாளிலிருந்து அவள் சிரித்து நான் பார்த்ததில்லை.

அன்றைக்கே முடிந்தது என்று நினைத்தேன். ஆனால் கிதியோன் எழுந்து, முறிந்த பக்கத்தைப் பிடித்துக்கொண்டு அத்தையிடம் போனான். "போதுமா அத்தை?" என்றான். அவள் திட்டவில்லை.

ஒரு வாரம் கழித்து மான் ஆட்டம். மாமா எழுந்தார். நம் வீட்டுக் காக்கைத் தொப்பியை, நாலு தலைமுறைத் தொப்பியை, தோபியாவுக்கு என்று சொல்லி அத்தையின் மடியில் வைத்தார். வெதர்பிக்கு அது கதையில் இருக்கிறதா இல்லையா என்றே தெரியாது, சுற்றிக்கொண்டிருந்தார். கழுகுப் பக்கத்தார் பாய்ந்து வந்து கிதியோனைத் தோளில் தூக்கினார்கள். நாங்கள் எஸ்ராவைத் தூக்கினோம். தூக்குவதற்கு முன்னால் எஸ்ரா அந்தக் கத்தியை எடுத்து அவர் அம்மாவிடம் கொடுத்தார். "இனி எனக்கு வேண்டாம்மா" என்றார். நான் சாப்பாட்டுக் கூடாரத்துக்குப் பின்னால் போய் அழுதேன்.

இப்போது கிதியோன் கரையின் அந்த முனையில் அவர்கள் வீட்டில் மான். எஸ்ரா இந்த முனையில் நம் வீட்டில் மான். தலையில் கழுகுத் தூவி இறகு, முழங்காலில் கை. தானாக ஒன்றும் செய்யக்கூடாது. ஊட்டிவிட வேண்டும், முகம் துடைத்துவிட வேண்டும். சோம்பேறிக்குக் கிடைத்த வரம். "இன்னும் கொஞ்சம் எண்ணெய் விடு, மானுக்குத் தொண்டை காயுது" என்கிறார், கொழுப்பைப் பார். அங்கே கிதியோனுக்கு ஊட்டுவது யார் தெரியுமா? அத்தை. தன் கையால். முதல் நாள் முகத்தைத் திருப்பிக்கொண்டு ஊட்டினாளாம். இப்போது முள் எடுத்து ஊட்டுகிறாளாம்.

ஆட்டத்தின் கடைசி நாள் பாக்கி. வெதர்பியிடம் சுருள் தீர்ந்துவிட்டது. அடுத்த கப்பலில் வந்ததும் முடித்துவிடலாம் என்கிறார். அதுவரை இரண்டு பேரும் மான்தான். இரண்டு வீட்டிலும் கத்தியெல்லாம் கட்டி மேலே வைத்தாயிற்று. இப்போது மான் என்றால் இவர்கள் இரண்டு பேர்தான், காட்டு மானைப் பெயர் சொல்லக்கூடாது, நாலுகாலி என்றுதான் சொல்ல வேண்டும். உனக்கு இதெல்லாம் மறந்திருக்கும்.

தம்பி, உன் கதை நடந்துவிட்டது. நீ நன்றாக இருக்க வேண்டும்.

டார்கஸ்


சியாட்டில்
ஜூலை 19

அக்காவுக்கு,

அவசரமாக எழுதுகிறேன், கப்பல் மத்தியானம் கிளம்புகிறது. வெதர்பிக்குச் சுருளும் புதிய தாளும் இதோடு வருகின்றன.

சண்டைக் காட்சியைத் திரையில் போட்டுப் பார்த்தார்கள். முதலாளி நாற்காலியில் ஏறி நின்றுவிட்டார். "இதுக்கப்புறம் ஆட்டமா? பைத்தியமா உனக்கு?" என்றார். முடிவை மாற்றச் சொன்னார். நான் முடியாது என்றேன், நம்பு. நீ எழுதாவிட்டால் வேறு ஒருவன் எழுதுவான் என்றார். அவன்தான் துடுப்பால் கஞ்சி கிண்ட வைத்தவன். நம்மை அவன் கையில் கொடுப்பதா?

அதனால் எழுதினேன். சமாதானம் நடந்துகொண்டிருக்கும்போதே மானைக் கொன்றுவிடுகிறார்கள். ஊட்டிவிடுகிற கிழவி, ஊட்டுகிற கையாலேயே குத்துகிறாள். திரையில் என் பெயர் தனியாக வரும் என்று சொல்லியிருக்கிறார்கள்.

பல்லைக் கடிக்காதே. மரக்கத்தி, பழச்சாறு. சரியாகப் படித்துச் சொல்லிவிடு. சத்தியத்தை மீறியதற்கு வந்து காலில் விழுகிறேன், சுவரைப் பார்த்துக்கொண்டு.

சைலஸ்


சியாட்டில்
ஜூலை 27

அக்கா, உன் கடிதம் இப்போதுதான் வந்தது. அந்தத் தாளை யாருக்கும் படிக்காதே. அடுப்பில் போடு. வெதர்பி கேட்டால் கப்பலில் நனைந்துவிட்டது என்று சொல். எனக்கு இது நிஜம் என்று தெரியாது. தெரிந்திருந்தால் எழுதியிருக்க மாட்டேன். தந்தி அடிக்கலாம் என்றால் கரடிமுனைக்குக் கம்பி இல்லை. தெய்வமே, கப்பலைவிட வேகமாகப் போக ஒன்றும் இல்லையா?

சைலஸ்


கரடிமுனை
ஆகஸ்ட் 2

சைலஸ்,

கிதியோன் செத்துவிட்டான்.

நீ சொன்னபடி உன் தாள் வந்தது. வெதர்பி எனக்கு முன்னால் நின்று, "படி, எல்லாருக்கும் சொல்லு" என்றார். மனசுக்குள் படித்தேன். இதைச் சொல்ல முடியாது என்றேன். சண்டை போட்டேன். காலையிலிருந்து மத்தியானம் வரை அவரோடு அவர் பேச்சிலேயே மல்லுக்கட்டினேன். கடைசியில் எனக்கு ஒரு யோசனை தோன்றியது. உங்களுக்கு ரத்தம்தானே வேண்டும், காட்டு மான் ஒன்றைக் கொன்று தருகிறோம், அதைப் பிடித்துக்கொள்ளுங்கள் என்றேன். சலித்துக்கொண்டு சரி என்றார். ஜெயித்துவிட்டேன் என்று எனக்கு ஒரே சந்தோஷம். வாசலில் நின்று கரையில் இருந்த பிள்ளைகளைக் கூப்பிட்டேன்.

"டேய் பசங்களா, மானைக் கொல்லணுமாம்! சீக்கிரம் வாங்க!"

மான் என்று சொன்னேன் சைலஸ். நாலுகாலி என்று சொல்லவில்லை. காலையிலிருந்து வாயில் வெள்ளைக்காரன் பேச்சே இருந்தது, அதிலிருந்து அப்படியே திருப்பிவிட்டேன். கத்தி முடித்ததும் எனக்கே காதில் விழுந்தது. திருத்துவதற்குள் கரையில் ஒருவன் ஓட ஆரம்பித்துவிட்டான், அந்த முனைக்கு. "மானைக் கொல்லப் போறாங்க! டார்கஸே சொல்லிட்டா!"

அத்தை கிதியோனுக்குச் சால்மன் ஊட்டிக்கொண்டிருந்தாள். அவளுக்கு மிச்சம் இருந்த பிள்ளை எஸ்ரா ஒருவர்தான், அவரைத்தான் கொல்லப் போகிறோம் என்று நினைத்துவிட்டாள். மடியில் தோபியாவின் கத்தி. கட்டி மேலே வைத்த கத்திகளோடு அதை மட்டும் அவள் வைக்கவில்லை. பார்த்தவர்கள் சொன்னார்கள், கத்தியோடு அவள் கை வந்தபோது கிதியோன் வாயைத் திறந்தானாம். அடுத்த வாய் என்று நினைத்திருக்கிறான். அவன் கழுத்தில் குத்தினாள். நாலு தடவை குத்தினாள். வாயில் மீன் இருந்தது.

அலறல் இங்கே வந்தது. கிதியோனின் தம்பி லேவி கோடரியை எடுத்தான். நான் குறுக்கே விழுந்தேன், என்னைத் தூக்கி எறிந்தான், என் பல் இரண்டு போய்விட்டது. எஸ்ரா உட்கார்ந்திருந்தார். முழங்காலில் கை. முதல் வெட்டு காதைச் சீவிக்கொண்டு தோளில் இறங்கியது. எலும்பு வெள்ளையாகத் தெரிந்தது. அவர் கையைத் தூக்கவில்லை. "எந்திரிங்க, ஓடுங்க" என்று கத்துகிறேன். லேவி இரண்டாவது வெட்டுக்கு ஓங்கினான். எஸ்ரா அவனையே பார்த்துக்கொண்டிருந்தார். "நான் மான்டா லேவி" என்றார். அவ்வளவுதான். லேவி கோடரியைப் போட்டுவிட்டுத் தரையில் உட்கார்ந்து தலையில் அடித்துக்கொண்டான்.

வெதர்பி கைப்பிடியைச் சுற்றிக்கொண்டே இருந்தார். அன்று மாலையே போய்விட்டார். மார்ஷலின் போலீஸ் படகு வந்தது. கிதியோன் பாறையில் விழுந்தான், எஸ்ரா விறகு வெட்டும்போது வெட்டிக்கொண்டார் என்று இரண்டு பக்கமும் ஒரே வாயாகச் சொன்னோம்.

எஸ்ரா இன்னும் எழுந்திருக்கவில்லை. ஆட்டம் முடியவில்லை, நான் எழுந்தால் சண்டை என்கிறார். உண்மைதான். இரண்டு வீட்டிலும் துப்பாக்கியைத் துடைத்து வைத்திருக்கிறார்கள். அவர் உட்கார்ந்திருக்கிற வரைக்கும் ஒருவரும் சுட மாட்டார்கள். நம் வீட்டிலேயே அவர் செத்துப்போனால் என்ன ஆகும் என்று நீயே நினைத்துப்பார். அந்த முனையில் இன்னொரு மான் உட்கார வேண்டும், நம் பக்கத்து ஆள், கிதியோனுக்குச் சமமான ஆள். உட்கார்ந்து, ஆடி முடித்தால்தான் இரண்டு பேரும் எழலாம். மானைக் கொன்ற வீட்டில் மறுபடி மானாக உட்கார எவன் வருவான்? லேவி மாட்டேன் என்கிறான். நம் பிள்ளைகள் எல்லாரும் தரையைப் பார்க்கிறார்கள்.

உன் தாளை நான் அத்தைக்குப் படித்துக் காட்டினேன். நேற்று. மறைக்க எனக்குத் தெம்பு இல்லை. அவள் அந்தத் தாளை அதுவரை பார்த்ததும் இல்லை, கேட்டதும் இல்லை. ஊட்டுகிற கையாலேயே குத்துகிறாள் என்ற இடம் வந்ததும் தன் கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"எங் கையை எழுதினவன் யாரு?"

"என் தம்பி."

"அவன் வரட்டும். அவனை உக்கார வை. அவனுக்கு ஊட்டுறேன்."

உன்னைக் கூப்பிடுவது நான் மட்டும் இல்லை, மாமாவும்தான். சொன்னது என் வாய், எழுதினது உன் கை. என் வாயில் பல் போய்விட்டது. உன் கையை நீ கொண்டுவா.

டார்கஸ்


சியாட்டில்
ஆகஸ்ட் 12

அக்கா,

வர மாட்டேன்.

என்னை என்னவென்று நினைத்தாய்? கிதியோனைக் குத்தியவள் கையால் வாங்கித் தின்ன நான் அங்கே வர வேண்டுமா? கொன்றவளை விட்டுவிட்டு எழுதியவனைக் கேட்கிறீர்கள். நாலுகாலி என்று சொல்ல மறந்தவள் நீ. மச்சானை டாக்டரிடம் கொண்டுபோ, பலாத்காரமாகத் தூக்கிக்கொண்டு போ. மார்ஷலிடம் உண்மையைச் சொல். நாலு சுவருக்குள் ஆளைச் சாக விட்டுவிட்டு அதற்குப் பெயர் சமாதானமா? தேவை என்றால் ஈடு கொடுக்கிறேன், ஆயுசு பூராவும் கொடுக்கிறேன். வர மாட்டேன். பயமாக இருக்கிறது அக்கா. உன்னிடம் சொல்ல வெட்கமாக இல்லை, பயமாக இருக்கிறது.


ஆகஸ்ட் 16

மேலே உள்ளதை அனுப்பாமல் வைத்திருந்தேன். கிழிக்கவும் இல்லை, நீ படிக்கட்டும். எழுத்து கோணலாக இருந்தால், இது இடது கை.

வெதர்பியின் சுருளைப் போட்டார்கள். அறை நிறைய ஆள். மச்சான் உட்கார்ந்திருக்கிறார், தலையில் தூவி. நீ ஓடி வருகிறாய், விழுகிறாய். கோடரி வருகிறது. சத்தமே இல்லை அக்கா, கைப்பிடி சுற்றுகிற சத்தம் மட்டும்தான். மச்சானின் கை முழங்காலில் அப்படியே இருக்கிறது. விரல்கூட அசையவில்லை.

அறையில் ஒருவன் சிரித்தான். முதலாளி என் பக்கம் திரும்பி, "அந்த முட்டாள் ஏன்யா ஓடல?" என்றார். "ஜனங்களுக்குப் புரியணும்ல, அதுக்கு ஒரு வாசகம் எழுது."

பேனாவை எடுத்தேன். எழுதவும் பார்த்தேன், பொய் சொல்லவில்லை. என்ன எழுதுவது? அவர் ஏன் ஓடவில்லை என்று எனக்குத் தெரியும், அந்த அறையில் எனக்கு மட்டும்தான் தெரியும். பேனாவைப் போட்டுவிட்டு முதலாளி வாயில் குத்தினேன். விழுந்த பிறகும் குத்தினேன். அவர் பல் என் வலது கை முட்டியில் ஏறி எலும்பு முறிந்துவிட்டது. நாலு பேர் என் மேல் உட்கார்ந்துதான் நிறுத்தினார்கள்.

இப்போது லாக்கப்பில் இருக்கிறேன். இந்த மாதக் கடைசியில் விடுவார்கள். படம் ஓடும், தடுக்க முடியாது. வாசகத்தை வேறு ஒருவன் எழுதிவிட்டானாம், காட்டுமிராண்டிகளுக்கு வலி தெரியாது என்று.

வெளியே வந்ததும் முதல் கப்பல். மச்சானிடம் சொல். என் வலது கைக்கு இப்போது வேலை எதுவும் இல்லை, மானாக உட்காரத் தோதாகத்தான் இருக்கும்.

சைலஸ்


கெச்சிகன் தபால் ஆபீசில், கப்பலில் வரும் சைலஸ் கையில் கொடுக்கவும்
கரடிமுனை
ஆகஸ்ட் 26

சைலஸ்,

இதைக் கப்பலிலேயே படித்து முடித்துவிடு. கரையில் இறங்கிவிட்டால் நீ என் தம்பி, நான் உன் அக்கா, பேச முடியாது. சொல்ல வேண்டியதெல்லாம் இதில்தான்.

எஸ்ரா இருக்கிறார். தோள் நாறுகிறது, முள்தண்டுப் பட்டையை அரைத்துக் கட்டுகிறேன், சூடு இறங்குகிறது, மறுபடி ஏறுகிறது. புண்ணில் ஈ உட்கார்ந்தாலும் கையால் விரட்டுவதில்லை. நான் விரட்டுகிறேன். "வர்றானா?" என்று தினமும் கேட்கிறார். உன் கடிதத்தைப் படித்துக் காட்டினேன், வர மாட்டேன் என்ற பக்கத்தையும் சேர்த்து. கடைசி வரை கேட்டார். அப்புறம், "எனக்கும்தான்டி பயமா இருந்துச்சு. ஏன் ஓடலன்னு எங்கிட்ட கேட்டா நானும் என்னத்தச் சொல்ல" என்றார்.

படகு கரையைத் தொட்டதும் கழுகுப் பக்கத்தார் ஈட்டியோடு கத்திக்கொண்டு ஓடி வருவார்கள். அது முறை. ஓடாதே. தோளில் தூக்குவார்கள், உடம்பைத் தளர விடு. துப்பாக்கிகள் இரண்டு பக்கமும் இருக்கும், பார்க்காதே. உட்கார வைத்ததும் முழங்காலில் கையை வை. முறிந்த கை வலித்தாலும் இன்னொரு கையால் பிடிக்காதே. அந்த நேரம் எஸ்ரா இங்கே உன்னைப் போலவே உட்கார்ந்திருப்பார். ஒருவர் கை அசைந்தால் இன்னொருவர் உயிர் போகும்.

ஊட்டப்போவது அத்தைதான். வேறு யாரையும் விட மாட்டேன் என்கிறாள். "எங் கை என்ன செய்யும்னு அவன் எழுதிட்டான். என்ன செய்யுதுன்னு வந்து பாக்கட்டும்" என்கிறாள். கிதியோன் செத்த நாளிலிருந்து அவள் அந்தக் கையால் சாப்பிடுவதில்லை. அவள் மனசில் என்ன இருக்கிறது என்று எனக்குத் தெரியாது. தெரியும் என்று உன்னை ஏமாற்ற மாட்டேன், நீ என் கூடப் பிறந்தவன். தோபியாவின் கத்தியைக் கடலில் போட்டுவிட்டதாகச் சொல்கிறாள். போட்டதை யாரும் பார்க்கவில்லை.

அவள் கை வரும். அதில் என்ன இருந்தாலும், நீ வாயைத் திற. கிதியோன் திறந்தானே, அப்படித் திற.

பள்ளிக்கூடத்துக்கு உன்னைக் கொண்டுபோன அன்று ஒருவரும் வாசலுக்கு வரவில்லை என்று எழுதியிருந்தாய். எனக்கு அப்போது பதினாலு வயசு, பெரியவளாகிவிட்டேன். உன்னைப் பார்க்கக்கூடாது என்று சுவர்ப் பக்கம் திரும்பி நிற்க வைத்தார்கள். நின்றேன். பலகையில் ஓர் ஓட்டை இருந்தது. நீ சிவப்புத் தொப்பி போட்டிருந்தாய், படகில் ஏறும்போது ஒரு தடவை சறுக்கினாய்.

இந்தத் தடவையும் அப்படித்தான் நிற்பேன், அத்தை வீட்டுச் சுவருக்கு வெளியே, பலகையோடு ஒட்டிக்கொண்டு. ஆட்டம் முடிந்து நீ எழுந்தால், சுவரைப் பார்த்து உப்பு வேண்டும் என்று சொல். சத்தமாகச் சொல். எனக்குக் கேட்கும்.

அக்கா